ஹெட்லி வெரிட்டி: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஹெட்லி வெரிட்டி யார்?

இங்கிலாந்தின் யார்க்ஷயர் அணிக்காகவும் இங்கிலாந்து டெஸ்ட் அணிக்காகவும் ஆடிய இடக்கைச் சுழற்பந்து வீச்சாளர். 1905 மே 18-ல் லீட்ஸ் நகரில், ஹெடிங்லி மைதானத்துக்கு அருகில் பிறந்தார். 40 டெஸ்ட்களில் 144 விக்கெட், சராசரி (ஒரு விக்கெட்டுக்குக் கொடுத்த ரன்) 24.37. டெஸ்ட்டும் கவுண்டி ஆட்டங்களும் சேர்ந்த முதல்தர ஆட்டங்களில் 1,956 விக்கெட், சராசரி 14.90. இரண்டாம் உலகப் போரில் கிரீன் ஹோவர்ட்ஸ் என்ற காலாட்படை ரெஜிமென்ட்டில் அதிகாரியாகச் சேர்ந்தார். சிசிலித் தீவில் காயம்பட்டு எதிரியிடம் பிடிபட்டு, 1943 ஜூலை 31-ல் இத்தாலியின் கசெர்ட்டா நகரில் இறந்தார். வயது 38.

"கேப்டன் வெரிட்டி" என்கிறார்களே, இங்கிலாந்து அணிக்குத் தலைமை தாங்கினாரா?

இல்லை. அது ராணுவப் பதவி. அவர் சம்பளத்துக்கு ஆடிய தொழில்முறை ஆட்டக்காரர். அந்தக் காலத்தில் இங்கிலாந்து அணித் தலைமை 'அமெச்சூர்' எனப்பட்ட, சம்பளம் வாங்காத கனவான்களுக்கே கொடுக்கப்பட்டது. மைதானத்தில் அவருக்குக் கிடைத்திருக்க முடியாத தலைமைப் பொறுப்பு ராணுவத்தில் கிடைத்தது.

இவ்வளவு பெரிய பந்துவீச்சாளர் 25 வயதில்தான் யார்க்ஷயர் அணிக்கு வந்தாரா?

ஆமாம், 1930-ல். அந்த இடத்தில் அதுவரை வில்ஃபிரட் ரோட்ஸ் இருந்தார். 4,204 முதல்தர விக்கெட் எடுத்தவர், அவரும் இடக்கைச் சுழல்தான். அவர் ஓயும்வரை இன்னொரு இடக்கைச் சுழலுக்கு அந்த அணியில் வேலையில்லை. அதுவரை வெரிட்டி அக்ரிங்டன், மிடில்டன் போன்ற லங்காஷயர் பக்கத்து லீக் கிளப்களில் ஆடிக்கொண்டிருந்தார். தொடக்கத்தில் மிதவேகம் வீசியவர். யார்க்ஷயருக்குத் தேவை சுழல் என்று தெரிந்து வீசும் முறையையே மாற்றிக்கொண்டார். அந்த மிதவேகத்தின் மிச்சம் கடைசிவரை அவரிடம் இருந்தது. ஆறடிக்கு மேல் உயரம், கை உச்சியில் இருந்து இறங்கும், வழக்கமான சுழற்பந்தைவிட வேகம் கூட. அதனால் பந்து எம்பியது. இறங்கி வந்து அடிக்க நினைத்த பேட்ஸ்மேனுக்கு நேரம் கிடைக்கவில்லை.

'ஸ்டிக்கி விக்கெட்' என்றால் என்ன? அதைப் புரிந்துகொள்ளாமல் வெரிட்டியைப் புரிந்துகொள்ள முடியாதா?

மழையில் நனைந்து, வெயிலில் காயும் ஆடுகளத்துக்குத்தான் அந்தப் பெயர். அதைப் புரிந்துகொள்ளாமல் முடியாது என்றே சொல்லலாம். அன்று ஆட்டம் தொடங்கியபின் மழை வந்தால் ஆடுகளத்தை முழுக்க மூடிவைக்கும் வழக்கம் இங்கிலாந்தில் இல்லை. மழை நேரே மண்ணில் இறங்கும்.

மழை ஓய்ந்த மறுநாள் களிமண் முற்றத்தில் வெயில் விழுவதை நினைத்துக்கொள்ளுங்கள். மேலே பொருக்கு கட்டும். காலை வைத்தால் பொருக்கு உடைந்து அடியில் இருக்கும் ஈரம் பிடித்துக்கொள்ளும். ஆடுகளத்திலும் அதுவேதான். பந்து பொருக்கை உடைத்துச் சற்றே உள்ளே புதைகிறது, மண் அதைப் பிடிக்கிறது, பிடித்த வேகத்தில் சுழற்சி முழுதும் வேலை செய்து பந்து பக்கவாட்டில் திரும்பி எம்புகிறது. அடுத்த பந்து நான்கு விரற்கடை தள்ளி விழுந்தால் அங்கே பொருக்கு இன்னும் உடையாமல் இருக்கலாம். அது நேரே வழுக்கிக்கொண்டு போகும். எது எம்பும், எது வழுக்கும் என்று பேட்ஸ்மேனுக்குத் தெரியாது.

இதில் எல்லோரும் மறக்கும் ஒன்று உண்டு: நேரம். மழை நின்ற உடனே களம் பந்துவீச்சாளருக்கு உதவாது. அப்போது மண் கூழாக இருக்கும், பந்து சோப்புக்கட்டி மாதிரி கையில் நழுவும். மரத்தூள் போட்டுத் துடைத்துத் துடைத்துத்தான் வீச வேண்டும், ஊன்றிய காலும் வழுக்கும். வெயில் பட்டுக் காயத் தொடங்கும்போதுதான் ஆபத்து ஆரம்பம். அதுவும் சில மணி நேரம்தான். முழுக்கக் காய்ந்துவிட்டால் களம் மீண்டும் சாதுவாகிவிடும். அந்தச் சில மணி நேரத்தில்தான் பல பந்துவீச்சாளர்கள் கோட்டைவிட்டார்கள். பந்து திரும்புகிறதே என்ற ஆசையில் இன்னும் அதிகமாகத் திருப்பப் பார்ப்பார்கள், பந்து தரையில் விழும் தூரம், அதாவது அளவு, கெட்டுக் குட்டையாக விழும், பேட்ஸ்மேன் பின்காலில் போய்ப் பார்த்து ஆடிவிடுவார். அல்லது அதிகம் திரும்பி மட்டையின் விளிம்பைக்கூடத் தொடாமல் போகும். வெரிட்டி அந்த ஆசைக்கு இடம் கொடுக்கவில்லை. அளவை மாற்றாமல், பேட்ஸ்மேன் முன்காலை வைத்தே தீரவேண்டிய இடத்தில் போட்டுக்கொண்டே இருந்தார். மீதியை மண் பார்த்துக்கொண்டது.

10 ரன்னுக்கு 10 விக்கெட் எப்படி நடந்தது?

1932 ஜூலை 12, ஹெடிங்லி. எதிரணி நாட்டிங்காம்ஷயர். வேகப்பந்து வீச்சாளர்கள் ஹரால்ட் லார்வுட்டும் பில் வோஸும் ஆடிய பலமான அணி.

நாட்டிங்காம்ஷயர் முதல் இன்னிங்ஸ் 234. யார்க்ஷயர் ஆடும்போது இடியும் மழையுமாக ஆட்டம் தடைப்பட்டது. 9 விக்கெட்டுக்கு 163 என்ற நிலையில், 71 ரன் பின்தங்கியிருந்தும், யார்க்ஷயர் டிக்ளேர் செய்தது, அதாவது தன் இன்னிங்ஸைத் தானே முடித்துக்கொண்டது. களம் காயும் நேரத்தில் எதிரணியை மட்டை பிடிக்க வைப்பதற்காகத்தான். மதிய உணவு இடைவேளையில் நாட்டிங்காம்ஷயர் விக்கெட் இழப்பின்றி 38. கணக்கு தப்பிவிட்டதோ என்று யார்க்ஷயர்க்காரர்கள் நினைத்திருந்தால் அதில் தவறில்லை. இடைவேளைக்குப் பின் 67-க்கு அனைவரும் அவுட். 29 ரன்னில் பத்து விக்கெட், நடுவே ஒரு ஹாட்ரிக்.

வெரிட்டியின் கணக்கு: 19.4 ஓவர், 16 மெய்டன் (ரன்னே கொடுக்காத ஓவர்), 10 ரன், 10 விக்கெட். இதை மெதுவாகப் படியுங்கள். மொத்தம் 118 பந்து. அதில் 96 பந்து மெய்டன் ஓவர்களில் போய்விட்டது. விட்டுக்கொடுத்த பத்து ரன்னும் மீதி 22 பந்துகளுக்குள் வந்தவை. மறுமுனையில் வீசியவர்களில் ஜார்ஜ் மெக்காலேயும் உண்டு. இங்கிலாந்துக்கு ஆடியவர், ஈரக்களத்தில் பேர்போனவர். அதே மண், அதே மதியம். அவருக்கு ஒன்றும் கிடைக்கவில்லை. களம் எடுத்துக்கொடுத்த விக்கெட் என்று சொல்பவர்களுக்கு இதுவே போதுமான பதில்.

பிறகு யார்க்ஷயருக்குத் தேவைப்பட்ட 139 ரன்னைத் தொடக்க ஆட்டக்காரர்கள் ஹோம்ஸும் சட்கிளிஃபும் விக்கெட் இழக்காமல் எடுத்தார்கள். முதல்தர கிரிக்கெட்டில் ஒரே இன்னிங்ஸின் மிகச் சிறந்த பந்துவீச்சுக் கணக்கு இன்றும் இதுதான்.

அவர் பத்து விக்கெட் எடுத்தது அந்த ஒருமுறைதானா?

இல்லை. முந்தைய ஆண்டு, தன் 26-வது பிறந்தநாளில், வார்விக்ஷயர் அணிக்கு எதிராக 36 ரன்னுக்கு 10 எடுத்தார். அதுவும் ஹெடிங்லியில்தான். 1933-ல் லேட்டனில் எசெக்ஸ் அணியின் 17 விக்கெட்டை ஒரே நாளில் எடுத்தார்.

1934 லார்ட்ஸ் டெஸ்ட்டை 'வெரிட்டியின் டெஸ்ட்' என்று ஏன் சொல்கிறார்கள்?

இங்கிலாந்து 440. சனிக்கிழமை மாலை ஆஸ்திரேலியா 2 விக்கெட்டுக்கு 192, எந்தச் சிக்கலும் இல்லை. ஞாயிறு ஓய்வுநாள்; வார இறுதியில் மழை. ஜூன் 25 திங்களன்று வெரிட்டி ஒரே நாளில் 14 விக்கெட் எடுத்தார். முதல் இன்னிங்ஸில் ஆஸ்திரேலியா 284. ஃபாலோ ஆன், அதாவது உடனே மறுபடி மட்டை பிடிக்க வேண்டிய நிலை, தவிர்க்க 291 தேவை; ஏழு ரன் குறைந்தது. அந்த ஏழு ரன் கிடைத்திருந்தால் இங்கிலாந்து மறுபடி ஆட வேண்டியிருந்திருக்கும், களமும் காய்ந்திருக்கும். கிடைக்கவில்லை. இரண்டாவது இன்னிங்ஸ் 118.

அவர் கணக்கு 61-க்கு 7, 43-க்கு 8. மொத்தம் 104-க்கு 15. இங்கிலாந்து இன்னிங்ஸ் மற்றும் 38 ரன் வித்தியாசத்தில் வென்றது. 1896-க்கும் 2009-க்கும் இடையே லார்ட்ஸில் ஆஸ்திரேலியாவை இங்கிலாந்து வீழ்த்தியது இந்த ஒரு முறைதான்.

பிராட்மனை எத்தனை முறை வீழ்த்தினார்?

டெஸ்ட்களில் 8 முறை. வேறு எந்தப் பந்துவீச்சாளரும் டெஸ்டில் பிராட்மனை அத்தனை முறை வீழ்த்தியதில்லை. மேலே சொன்ன லார்ட்ஸ் டெஸ்ட்டின் இரண்டு இன்னிங்ஸும் இதில் அடக்கம்.

சென்னையில் ஆடியிருக்கிறாரா?

ஆடியிருக்கிறார், மறக்க முடியாத விதத்தில். 1934 பிப்ரவரி 10 முதல் 13 வரை சேப்பாக்கத்தில் நடந்த முதல் டெஸ்ட் அது. இங்கிலாந்துக்கு டக்ளஸ் ஜார்டின் தலைமை, இந்தியாவுக்கு சி.கே. நாயுடு. முதல் இன்னிங்ஸில் அமர் சிங் 86 ரன்னுக்கு 7 எடுத்தும் இங்கிலாந்து 335 சேர்த்தது. பதிலுக்கு வந்த இந்தியாவை வெரிட்டி 49 ரன்னுக்கு 7 எடுத்து 145-ல் சுருட்டினார். இரண்டாவதில் 104-க்கு 4. இங்கிலாந்து 202 ரன்னில் வென்றது.

சேப்பாக்கம் சுழலுக்கு ஏற்ற மைதானம் என்ற பேச்சுக்கு வயது அதன் முதல் டெஸ்ட்டிலிருந்தே தொடங்குகிறது. 18 ஆண்டு கழித்து, 1952 பிப்ரவரியில், அதே மைதானத்தில் அதே இங்கிலாந்துக்கு எதிராக இன்னொரு இடக்கைச் சுழல் 12 விக்கெட் எடுத்தார்: வினு மன்கட். இந்தியாவின் முதல் டெஸ்ட் வெற்றி அதுதான்.

தன் இரண்டாவது மகனுக்கு வெரிட்டி வைத்த பெயர் டக்ளஸ், ஜார்டினின் நினைவாக. மூத்தவர் வில்ஃபிரட், அது ரோட்ஸின் பெயர்.

மழை இல்லாத, காய்ந்த களத்தில் அவர் சாதாரணமானவர்தானா?

விக்கெட் குறையும், ஆனால் ரன் கொடுக்கமாட்டார். 1939 மார்ச்சில் டர்பனில் தென்னாப்பிரிக்காவுக்கு எதிராக நடந்த 'காலவரையற்ற டெஸ்ட்' இதற்குச் சரியான சான்று. பத்து நாள் இழுத்தும் முடியாமல், இங்கிலாந்து அணி கப்பலைப் பிடிக்க வேண்டியிருந்ததால் கைவிடப்பட்ட ஆட்டம் அது. கடைசி இன்னிங்ஸில் மட்டும் இங்கிலாந்து 5 விக்கெட்டுக்கு 654. களம் எப்படி இருந்தது என்று இதிலிருந்தே தெரியும். அதில் வெரிட்டி 766 பந்து வீசினார். 184 ரன், 4 விக்கெட். அங்கே அப்போது ஓவருக்கு எட்டுப் பந்து; ஆறு பந்து என்று மாற்றிக் கணக்கிட்டால் ஓவருக்கு ஏறக்குறைய ஒன்றரை ரன்.

மட்டை பிடிப்பாரா?

கடைசிவரிசைக்காரர், ஆனால் நிற்பார். 1933 பிரிஸ்பேனில் மருத்துவமனைப் படுக்கையிலிருந்து எழுந்துவந்து 83 அடித்த எடி பெய்ன்ட்டருடன் 92 ரன் சேர்த்து நின்றவர் வெரிட்டி.

அவர் ஆடிய கடைசி ஆட்டம் எது?

1939 செப்டம்பர் 1-ல் ஹோவ் மைதானத்தில் முடிந்த, சசெக்ஸுக்கு எதிரான ஆட்டம். அன்று காலை ஜெர்மனி போலந்துக்குள் நுழைந்துவிட்டது. சசெக்ஸ் இரண்டாவது இன்னிங்ஸில் 33-க்கு அவுட். வெரிட்டி 6 ஓவர், 9 ரன், 7 விக்கெட். யார்க்ஷயர் அணி பேருந்தில் ஊர் திரும்பி, லீட்ஸ் சிட்டி சதுக்கத்தில் கலைந்தது. அந்த அணி அப்படியே மறுபடி கூடவில்லை.

விளையாட்டு வீரர்களுக்கு ராணுவத்தில் பாதுகாப்பான வேலை கிடைக்குமே, அவர் ஏன் காலாட்படைக்குப் போனார்?

கிடைத்தது உண்மைதான். யார்க்ஷயர் மட்டையாளர் லென் ஹட்டன் போன்ற பலர் உடற்பயிற்சிப் பயிற்றுநர்களாகச் சேர்க்கப்பட்டார்கள். வெரிட்டி அதைத் தேடவில்லை, போர் அறிவிக்கும்வரை காத்திருக்கவும் இல்லை. 1938 மியூனிக் நெருக்கடியின்போதே போர் வரும் என்று முடிவுகட்டி, கிரீன் ஹோவர்ட்ஸ் ரெஜிமென்ட்டின் லெப்டினன்ட் கர்னல் அர்னால்ட் ஷா என்பவரைப் பார்த்து யோசனை கேட்டார். ஷா படிப்பதற்கு ராணுவ நூல்களைக் கொடுத்தார். அந்தக் குளிர்காலத் தென்னாப்பிரிக்கப் பயணத்தில், 766 பந்து வீசிய அதே பயணத்தில், அவற்றைப் படித்தார்.

இதுதான் வெரிட்டி. மிதவேகத்திலிருந்து சுழலுக்கு மாறியபோது எப்படி அடியிலிருந்து கற்றாரோ, அப்படியே அதிகாரி வேலையையும் கற்றார். அணிவகுப்பு முறுக்கைவிட உத்தி அவருக்குப் பிடித்தது: நிலம் எப்படிக் கிடக்கிறது, எதிரி எங்கிருந்து பார்க்கிறான், எந்தப் பிரிவை எப்போது நகர்த்துவது. பந்துவீசும்போது பீல்டர்களை நிறுத்திவைத்துக் கணக்குப் போட்டவருக்கு அது அந்நியமாக இருந்திருக்காது.

தோனி, கபில் தேவ் போல இவருடையதும் கௌரவப் பதவியா?

இல்லை. கபிலுக்கும் தோனிக்கும் பிரதேச ராணுவத்தில் லெப்டினன்ட் கர்னல் பதவி அவர்களுடைய ஆட்டச் சாதனைக்காகக் கொடுக்கப்பட்டது. தோனி பின்னர் பாராசூட் பயிற்சியும் எடுத்தார் என்பது அவருடைய ஈடுபாடு. வெரிட்டி பயிற்சி பெற்றுக் களத்தில் படை நடத்திய அதிகாரி. இந்தியாவில் அவரோடு ஒப்பிடத் தக்கவர் ஹேமு அதிகாரி: ராணுவத்தில் லெப்டினன்ட் கர்னல், 21 டெஸ்ட், 1959 டெல்லி டெஸ்ட்டில் இந்திய அணித் தலைவர், 1971-ல் இங்கிலாந்தில் தொடரை வென்ற அணியின் மேலாளர்.

ஒரு கம்பெனியை நடத்துவது என்றால் எத்தனை பேர்?

அன்றைய பிரிட்டிஷ் காலாட்படைக் கம்பெனியில் தாளில் நூற்றிருபது பேருக்குச் சற்று மேல்; களத்தில் பெரும்பாலும் அதற்கும் குறைவு. மூன்று பிளட்டூன், ஒவ்வொன்றிலும் பத்துப்பத்துப் பேராக மூன்று செக்‌ஷன். செக்‌ஷனுக்கு ஒரு பிரென் இயந்திரத் துப்பாக்கி, பிளட்டூனுக்கு ஒரு இரண்டங்குல மோட்டார் (குண்டு எறியும் சிறு குழல்). வெரிட்டி நடத்தியது முதலாம் பட்டாலியனின் 'பி' கம்பெனி.

போரில் இந்தியாவுக்கும் வந்தாரா?

1942-ல் வந்தார். பட்டாலியன் வட அயர்லாந்திலிருந்து கிளம்பி ராஞ்சிப் பக்கம் வந்தது. அங்கே அவருக்கு வயிற்றுக்கடுப்பு கண்டு உடல் நலிந்தது. பிறகு பாரசீகம், சிரியா, எகிப்து. 1943 ஜூலை 10-ல் சிசிலி.

அவர் காயம்பட்ட இரவு என்ன நடந்தது? எங்கே பிசகியது?

1943 ஜூலை 19 இரவு, சிசிலியின் கட்டானியாச் சமவெளி. இலக்கு, ஜெர்மானியர் பிடித்துவைத்திருந்த ஒரு மேட்டு வரிசை.

முதல் 700 கஜம், முன்னால் நகர்ந்துகொண்டே போகும் பீரங்கிக் குண்டுத்திரைக்குப் பின்னால் கம்பெனி சென்றது. இந்த முறையில் குண்டுகள் ஒரு கோட்டில் விழும், சில நிமிடத்துக்கு ஒருமுறை கோடு முன்னே தள்ளிப்போகும். எதிரி தலைகுனிந்திருக்கும் நேரத்தில் காலாட்படை நெருங்கிவிட வேண்டும். இதன் பலவீனம், குண்டுத்திரை நின்ற கணம். அது நின்றபின் கம்பெனி இன்னும் 300 கஜம் போக வேண்டியிருந்தது. அந்த 300 கஜத்தில்தான் எல்லாம் பிசகியது.

நிலம் தட்டை. மறைவுக்கு இருந்தது தானியப் பயிர் மட்டும். ஆளுயரச் சோளக்காடு என்று நினைத்துக்கொள்ள வேண்டாம். பயிரின் உயரம் இரண்டடி. படுத்தால் மறைக்கும், குனிந்தால் மறைக்காது. நிலவு அவர்களுக்குப் பின்னால் இருந்தது, அதனால் எழுந்தவர் நிழலுருவாகத் தெரிந்தார். எதிரி ஒளிக்குண்டு ஏவினான், மோட்டார் அடித்தான், தீக்குண்டு வீசிப் பயிரைக் கொளுத்தினான். மறைவாக இருந்த பயிரே நெருப்பானது.

கடுமையான துப்பாக்கிச் சூடு இடப்பக்கம் ஒரு பண்ணைவீட்டிலிருந்து வருவதாக வெரிட்டி கணித்தார். ஒரு பிளட்டூனைச் சுற்றிவளைத்து அதைப் பிடிக்க அனுப்பி, மற்றவர்களை மறைப்புச் சூடு கொடுக்கச் சொன்னார். முறைப்படி சரியான முடிவு. ஊர்ந்து முன்னேறும்போது அவர் மார்பில் அடிபட்டது. அதற்குப் பிறகும் அவர் சொன்னது, நிற்காமல் போய் அந்தப் பண்ணைவீட்டிலிருந்து அவர்களை வெளியேற்றுங்கள் என்பதுதான். தாக்குதல் பலிக்கவில்லை, பின்வாங்க உத்தரவு வந்தது. கடைசியாக அவரைப் பார்த்தவர்கள் கண்டது, எரியும் பயிருக்கு முன்னால் தரையில் கிடந்தவரையும், அவர் தலையைத் தாங்கிப் பிடித்திருந்த பணியாள் சிப்பாயையும்.

அங்கேயே இறந்தாரா?

இல்லை, இது அடிக்கடி தவறாக எழுதப்படுகிறது. ஜெர்மானியர் அவரைப் பிடித்து, தங்கள் கள மருத்துவமனையில் அறுவை சிகிச்சை செய்தார்கள். பிறகு நீரிணையைக் கடத்தி இத்தாலியப் பெருநிலத்துக்குக் கொண்டுபோய், ரயிலில் நேப்பிள்ஸ் பக்கம் அனுப்பினார்கள். மார்புக்காயத்தோடு அவ்வளவு தூரம், ஜூலை வெயிலில். கசெர்ட்டாவில் இத்தாலிய மருத்துவமனையில் மறுபடி அறுவை சிகிச்சை. நுரையீரலை அழுத்திக்கொண்டிருந்த விலா எலும்பின் ஒரு பகுதியை எடுத்தார்கள். பிறகு மூன்று முறை ரத்தம் பீறிட்டது. ஜூலை 31-ல் இறந்தார். இத்தாலியர் ராணுவ மரியாதையோடு அடக்கம் செய்தார்கள்.

ஊரில் முதலில் வந்த செய்தி, காயம்பட்டுக் காணவில்லை என்பது மட்டுமே. இறந்த செய்தி வந்த நாள் 1943 செப்டம்பர் 1. ஹோவில் 9 ரன்னுக்கு 7 எடுத்து அன்றோடு சரியாக நான்கு ஆண்டு.

போரில் இறந்த டெஸ்ட் வீரர்கள் வேறு யார்?

இங்கிலாந்து அணியில் அவரோடு ஆடிய வேகப்பந்து வீச்சாளர் கென் ஃபார்ன்ஸ் 1941 அக்டோபரில் விமானப் பயிற்சியில் இறந்தார். கிளமோர்கன் அணித் தலைவர் மாரிஸ் டர்ன்புல், மேஜர், 1944 ஆகஸ்ட்டில் நார்மண்டியில். யார்க்ஷயரில் வெரிட்டியின் நெருங்கிய தோழர் பில் போவ்ஸ் 1942-ல் லிபியாவின் டோப்ரூக்கில் பிடிபட்டு, வெரிட்டி இறந்த சமயத்தில் போர்க்கைதியாக இருந்தார், உயிரோடு திரும்பினார்.

கல்லறையைப் பார்க்க முடியுமா?

முடியும். நேப்பிள்ஸுக்கு வடக்கே, கசெர்ட்டா போர்க் கல்லறைத் தோட்டத்தில் இருக்கிறது. காமன்வெல்த் போர்க் கல்லறை ஆணையம் பராமரிக்கிறது. நுழைவுக் கட்டணம் கிடையாது. ஆணையத்தின் இணையதளத்தில் பெயரைத் தேடினால் எந்த வரிசை, எத்தனையாவது கல் என்ற எண் கிடைக்கும். குறித்துக்கொண்டு போனால் தேட வேண்டியிருக்காது. எல்லாக் கற்களும் ஒரே அளவு, ஒரே வடிவம். 1954-ல் ஆஸ்திரேலியா செல்லும் வழியில் கப்பல் நேப்பிள்ஸில் நின்றபோது ஹட்டனும் போவ்ஸும் அங்கே போய், கல்லின்மேல் ஒரு யார்க்ஷயர் அணி டையை வைத்துவிட்டு வந்தார்கள்.